தண்டுக் குசினியில் வெந்த பறவை

ஈஜிபுராவுக்கு வடமேற்கே விவேக்நகர். அதைத் தாண்டினால் ஆஸ்டின் டவுன், நீலசந்திரா. தெற்கே கோரமங்களா. பெங்களூர்த் தமிழர் 'தண்டு' என்று அழைத்துவந்த கண்டோன்மென்டின் தென்கிழக்கு விளிம்பில் வயலும் ஏரியுமாகக் கிடந்த சிற்றூரான ஈஜிபுரா, இன்று மூச்சு முட்டும் நகர்ப்பகுதி. டிசம்பர் 24ஆம் தேதி இரவு இந்தப் பக்கத்துத் தெருக்களில் பிரியாணி வாசனைதான் முதலில் மூக்கில் ஏறும். அதற்கு அடியில் இன்னொரு வாசனையும் இருக்கும். நெய்யில் சிவந்த முழுக்கோழி, தட்டிய மிளகு, பட்டை, கிராம்பு, ஒரு சொட்டு வினிகர். கோழியின் வயிற்றுக்குள் ரொட்டித் தூளும் ஈரலும் உலர்திராட்சையும் அடைத்து, வெள்ளை நூலால் தைத்திருப்பார்கள்.

இந்தப் பறவையைப் பற்றிப் பேசும்போதெல்லாம் 'வெள்ளைக்காரன் விட்டுப்போனது' என்ற ஒரு வரியோடு முடித்துக்கொள்வது வழக்கமாகிவிட்டது. அது பாதி உண்மை. மேஜையில் உட்கார்ந்து சாப்பிட்டவர் வெள்ளைக்காரர். சந்தைக்குப் போய் பறவையைத் தேர்ந்தெடுத்தவர், இறகு பறித்தவர், பூரணம் பிசைந்தவர், தைத்தவர், கரி அள்ளிப் போட்டு மூன்று மணி நேரம் காவல் இருந்தவர் எல்லாம் பெரும்பாலும் தமிழர். பெங்களூரின் பண்டிகைப் பறவைக்கு இன்றைய சுவை வந்தது அவர்கள் கையால்.

தொடக்கம் 1809. திப்பு சுல்தான் 1799இல் வீழ்ந்தபின் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் தங்கிய ஆங்கிலப் படை காய்ச்சலில் வாடியது. மேட்டு நிலமும் குளிர்ந்த காற்றும் உள்ள பெங்களூரில், அல்சூருக்கு அருகே புதிய முகாம் அமைந்தது. சென்னை மாகாணப் படை அது. ஆகவே படையோடு வந்தவர்களும் சென்னை மாகாணத்துக்காரர்கள்: சிப்பாய்கள், வண்ணார், தையற்காரர், கொத்தனார், குதிரைக்காரர், கறிக்கடைக்காரர், ஆயா, பட்லர், குசினிக்காரர். மெட்ராஸ் சாப்பர்ஸ் படைப்பிரிவும் பின்னாளில் இங்கேயே நிலைகொண்டது. மைசூர் அரசு 1881இல் உடையார்களிடம் திரும்பியபோதும் கண்டோன்மென்ட் தனி நிர்வாகமாக ஆங்கிலேயர் கையிலேயே இருந்தது. பழைய பேட்டையில் கன்னடம் ஒலிக்க, தண்டில் தமிழ் ஓங்கி ஒலித்தது. சிவாஜிநகரில் இன்று பேராலயமாக நிற்கும் புனித மரியன்னை ஆலயம், 1818இல் பாதிரியார் அபே துபுவா ஒரு கூரைச் சிற்றாலயமாகத் தொடங்கியது. அதைச் சுற்றி வாழ்ந்தவர்கள் தமிழ்க் கிறிஸ்தவர்கள்.

இந்தக் குடும்பங்களின் ஆண்கள் பலர் பங்களாக்களின் குசினியில் வேலை பார்த்தார்கள். தண்டின் பங்களாக்களில் குசினி வீட்டோடு சேர்ந்திருக்காது. தோட்டத்தின் பின்கோடியில், புகையும் சத்தமும் துரைசாணியை எட்டாத தூரத்தில் தனிக் கட்டடமாக இருக்கும். மேடைமேல் வரிசையாக மண் அடுப்புகள், மூலையில் கரிக் குவியல், சுவரில் ஒரு புகைத்துளை. இங்கிலாந்து மாளிகைகளில் இருந்ததுபோல இரும்புக் கதவு போட்ட பெரிய ஓவனை எதிர்பார்த்து வந்த புதுத் துரைசாணிக்கு இது முதல் அதிர்ச்சி.

உண்மையில் இங்கிலாந்திலும் ஓவன் எல்லார் வீட்டிலும் இருந்ததில்லை. சார்லஸ் டிக்கன்ஸ் 1843இல் வெளியிட்ட கிறிஸ்துமஸ் கதையில் வரும் ஏழைக் குமாஸ்தா கிராட்சிட் வீட்டு வாத்து, ரொட்டிக்கடைக்காரரின் ஓவனில்தான் வெந்து வருகிறது. குழந்தைகள் கடைக்கு வெளியே நின்று வாசனையிலேயே தங்கள் வாத்தை அடையாளம் கண்டுகொள்கிறார்கள். லண்டன் ஏழைகளின் பண்டிகைப் பறவைக்குப் பக்கத்துக் கடை ஓவன் கைகொடுத்தது. பெங்களூர்க் குசினிக்காரருக்குக் கைகொடுத்தது தேக்சா.

கனத்த அடியுள்ள பாத்திரம், இறுக்கமான மூடி, கீழே மந்தமான தணல், மூடியின் மேல் ஒரு முறம் கனிந்த கரி. மேலும் கீழும் சூடு சம அளவில் இறங்க, பாத்திரமே ஓவனாகிவிடும். தம் போட்டுப் பழகிய கைக்கு இது புதிய வித்தை இல்லை. இதில் வெந்த பறவைக்கு ஓவனில் வெந்ததன் மொறுமொறுப்பு கிடைக்காது; அதற்கு ஈடாகப் பாத்திரத்தின் அடியில் கெட்டியான, கருஞ்சிவப்பான சாறு சேரும். ஆங்கிலோ இந்தியர் சமையலில் 'பாட் ரோஸ்ட்' என்று இன்றும் போற்றப்படுவது அந்தச் சாறுதான். ஓவன் இல்லாத குறையைச் சமாளிக்கக் குசினிக்காரர் கண்ட வழி, தனி ருசியுள்ள ஒரு பதார்த்தமாகவே நிலைத்துவிட்டது.

அந்தக் குசினியைப் பற்றி நமக்குக் கிடைக்கும் மிக விரிவான ஆங்கிலப் பதிவு, மெட்ராஸ் குதிரைப்படை அதிகாரி ஆர்தர் ராபர்ட் கென்னி ஹெர்பர்ட் எழுதியது. 'வைவர்ன்' என்ற புனைபெயரில் அவர் பத்திரிகையில் எழுதிவந்த சமையல் கட்டுரைகள் 1878இல் சென்னை ஹிக்கின்பாதம்ஸ் வெளியீடாக 'கலினரி ஜாட்டிங்ஸ் ஃபார் மெட்ராஸ்' என்ற நூலாயின. முப்பது விருந்துப் பட்டியல்கள், கூடாரத்தில் சமைக்கும் முறை, குசினிகளின் அவல நிலை என எல்லாவற்றையும் கவனமாக எழுதினார். இந்தியக் குசினிகள் இருளும் புகையுமாகக் கிடப்பது சமையல்காரரின் குற்றமல்ல, எஜமானரின் அலட்சியம் என்று உணர்ந்து எழுதிய அரிய ஆங்கிலேயர் அவர். ஓய்வுபெற்று லண்டன் போனபின் சமையல் பள்ளியும் நடத்தினார்.

அவருடைய நூலில் சமையல்காரருக்கு ஒரே பெயர்: ராமசாமி. ஒரு மனிதரின் பெயராக இல்லை. சென்னை மாகாணத்துச் சமையல்காரர் அத்தனை பேருக்கும் பொதுவாக வைத்த பெயர். ராமசாமி புத்திசாலி, ராமசாமி பொறுமைசாலி, ராமசாமிக்குச் சொல்லிக் கொடுத்தால் பிடித்துக்கொள்வான் என்று நூல் முழுக்க அவர் வருகிறார். ஊர், தெரு, குடும்பம் எதுவும் இல்லாமல் வருகிறார். ஆயிரக்கணக்கான திறமைசாலிகளின் உழைப்பு ஒற்றைப் பெயருக்குள் அடங்கிப்போனது பெரிய இழப்பு. பிரெஞ்சு சாஸ்களை வாய்மொழியாகவே கேட்டு, எழுதி வைக்காமல் நினைவில் நிறுத்தி, மண் அடுப்பில் அப்படியே கொண்டுவந்தவர்கள் அவர்கள்.

இனி பறவைக்கு வருவோம். ஏன் சிறிய பறவை?

முதல் காரணம் நாட்டுக்கோழி. அந்தக் காலத்து நாட்டுக்கோழி இன்றைய பிராய்லரைப் போலக் கொழுத்ததில்லை. இளங்கோழி என்றால் உள்ளங்கை இரண்டில் அடங்கிவிடும். பயணியர் பங்களாக்களில் விருந்தாளி வந்து இறங்கியதும் முற்றத்தில் மேய்ந்த கோழியைப் பிடித்து, பிளந்து, அரை மணியில் வாட்டித் தட்டில் வைத்துவிடுவார்கள். 1886இல் வந்த 'ஹாப்சன் ஜாப்சன்' அகராதி இந்தக் கோழிக்கு ஆங்கிலேயர் வைத்திருந்த பட்டப்பெயரைப் பதிவுசெய்திருக்கிறது: 'திடீர் மரணம்'. பண்டிகை நாளில் அதே கோழிக்கு மரியாதை கூடிவிடும். பிளக்காமல் முழுசாக வைத்து, வயிறு நிறைய அடைத்துத் தைப்பார்கள்.

இரண்டாவது காரணம் வேட்டை. தண்டைச் சுற்றி ஏரிகள் நிறைந்திருந்தன. அல்சூர், சூளே, சல்லகட்டா, கோரமங்களா, அகரம், பெல்லந்தூர் என்று சங்கிலியாக நீர். மழை முடிந்து குளிர் தொடங்கியதும் வடக்கிலிருந்து உள்ளான்களும் சிறு வாத்துகளும் இறங்கும். சுற்றியுள்ள கொள்ளு வயல்களிலும் புதர்களிலும் காடையும் கௌதாரியும். வேட்டைக்கான விடுமுறையும் கிறிஸ்துமஸும் ஒரே பருவத்தில் வந்ததால் அதிகாரிகளின் பண்டிகை மேஜைக்குத் துப்பாக்கியே பறவையைக் கொண்டுவந்தது. மெட்ராஸ் படையின் மருத்துவர் டி.சி. ஜெர்டன் 1860களில் எழுதிய 'இந்தியப் பறவைகள்' போன்ற நூல்களில், பறவையின் நிறம், குரல், வாழிடம் ஆகியவற்றோடு அதன் இறைச்சி எப்படி என்பதும் ஆங்காங்கே சேர்ந்தே வரும். அந்தக் காலத்துப் பறவை ஆய்வும் உணவு மேஜையும் அவ்வளவு நெருக்கம்.

மூன்றாவது காரணமே சமையல்காரருக்கு முக்கியமானது. அடைத்த பறவையில் ஆபத்து வயிற்றுக்குள் இருக்கிறது. வெளிக்கறி வெந்துவிட்டாலும் நடுவில் இருக்கும் பூரணத்துக்குச் சூடு போய்ச்சேரத் தாமதமாகும். அரைவேக்காட்டில் கிருமி தங்கும். பூரணத்தின் நடுப்பகுதி 74 டிகிரி செல்சியஸைத் தொடவேண்டும் என்று இன்றைய உணவுப் பாதுகாப்பு விதிகள் சொல்கின்றன. ஐந்து கிலோ வான்கோழியில் அந்தச் சூட்டை உள்ளே கொண்டுபோவதற்குள் நெஞ்சுக்கறி வறண்டுவிடும். காடையிலும் இளங்கோழியிலும் அந்தச் சிக்கல் இல்லை. தேக்சாவுக்குள் நாலைந்து பறவைகள் பக்கத்தில் பக்கத்தில் உட்காரும், ஒரே நேரத்தில் வேகும். ஆளுக்கு ஒன்று என்று தட்டில் வைத்துவிடலாம். மேஜைத் தலைமாட்டில் நின்று துரை கத்தியால் அறுத்துப் பங்கு போடும் சடங்குக்கும் தேவை இருக்காது.

பறவையின் வயிற்றில் அடைத்துச் சமைக்கும் யோசனையை இந்தியாவுக்கு ஆங்கிலேயர் கொண்டுவந்ததாக நினைப்பவர்கள் அபுல் ஃபசலின் 'ஆயினி அக்பரி'யைப் புரட்டிப் பார்க்க வேண்டும். அக்பரின் அடுக்களைக் கணக்குகளில் 'முசம்மன்' என்ற பதார்த்தம் வருகிறது. கோழி முழுசாக இருக்க, கழுத்து வழியாக எலும்புகளை மட்டும் உருவியெடுத்து, அதற்கு அரை சேர் கொத்துக்கறி, அரை சேர் நெய், ஐந்து முட்டை, கால் சேர் வெங்காயம், கொத்துமல்லி, இஞ்சி, மிளகு, குங்குமப்பூ என்று அளவு கொடுத்திருக்கிறார்கள். கழுத்து வழியாக எலும்பை உருவுவது இன்றைய நட்சத்திர ஓட்டல் சமையல்காரருக்கும் எளிய காரியமல்ல. முட்டையும் முந்திரியும் திராட்சையும் அடைத்த முர்க் முசல்லம் தக்காணத்து முஸ்லிம் வீடுகளின் விருந்துகளில் இன்றும் தலைமைப் பதார்த்தம். தண்டின் சிவாஜிநகரில் கிறிஸ்தவக் குசினிக்காரரும் 'பாபர்ச்சி' என்ற முஸ்லிம் சமையல்காரரும் ஒரே சந்தையில் கோழி வாங்கியவர்கள். கைப்பக்குவமும் சேர்ந்தேதான் கைமாறியிருக்க வேண்டும்.

அதற்கும் முன்னால் போனால் கர்நாடகத்திலேயே ஒரு மூலம் இருக்கிறது. கல்யாணிச் சாளுக்கிய மன்னன் மூன்றாம் சோமேசுவரன் 12ஆம் நூற்றாண்டில் இயற்றிய 'மானசோல்லாச'த்தின் உணவுப் பகுதியில், இறைச்சித் துண்டுகளைத் துளையிட்டு மசாலா திணித்துத் தணலில் வாட்டும் முறைகள் சொல்லப்படுகின்றன. தமிழுக்கு அது இன்னும் பழையது. 'பெரும்பாணாற்றுப்படை'யில் மருத நிலத்து உழவர் வீட்டுக்குப் போகும் பாணனுக்கு வெண்ணெல் சோற்றோடு வீட்டுக்கோழியின் வாட்டும் கிடைக்கிறது. விருந்தாளிக்குக் கோழியை வாட்டிப் போடுவது இந்த மண்ணில் ஈராயிரம் ஆண்டுப் பழக்கம். ஆங்கிலேயர் வந்து சேர்த்தவை ரொட்டித் தூள் பூரணமும் புதுப்பழமும்.

வாத்தோடு ஆப்பிள், காடையோடு திராட்சை, கௌதாரியோடு ஆரஞ்சு என்று ஐரோப்பியர் சேர்த்ததற்கு அலங்காரம் மட்டும் காரணமில்லை. வாத்தில் கொழுப்பு அதிகம். புளிப்புப் பழம் அந்தத் திகட்டலை அறுக்கும். காடையில் கொழுப்பே குறைவு. வயிற்றுக்குள் வைத்த பழம் சூட்டில் இளகி நீர் விட, அந்த ஆவி கறியை உள்ளிருந்தே நனைக்கும். உலர்திராட்சை செய்வது இதற்கு நேர்மாறான வேலை. கறியிலிருந்து வடியும் சாற்றை உறிஞ்சி ஊதிக்கொள்ளும். கடித்தால் இனிப்புக்குள்ளிருந்து கறிச்சாறு வரும். நம் பிரியாணியிலும் நெய்ச்சோற்றிலும் திராட்சை செய்வதும் இதுவே என்பதால் தமிழ் நாக்குக்கு இந்தச் சேர்க்கை அந்நியமாகப் படவில்லை.

பழத்துக்குப் பெங்களூரில் பஞ்சமில்லை. ஹைதர் அலி 1760இல் தொடங்கிய லால்பாக், ஆங்கிலேயர் காலத்தில் அயல்நாட்டுச் செடிகளைப் பழக்கும் பண்ணையானது. 1874 முதல் 1908 வரை அதன் பொறுப்பில் இருந்த ஜான் கேமரூன் எத்தனையோ காய்கனிகளை இங்கே வேரூன்றச் செய்தார். சென்னைக்காரர்கள் இன்றும் பெங்களூர் கத்தரிக்காய் என்று கேட்டு வாங்கும் சௌசௌ அவற்றில் ஒன்று. அடுத்து வந்த ஜெர்மானியர் க்ரும்பீகல் அந்த வேலையைத் தொடர்ந்தார். ஆப்பிள், பீச், ஸ்ட்ராபெரி எல்லாம் பெங்களூர்த் தோட்டங்களில் விளைந்த காலம் ஒன்று இருந்தது. லால்பாக்கைச் சுற்றி அந்தத் தோட்டங்களில் மண்ணைக் கொத்தியவர்கள் திகளர் சமூகத்தார். கரக உற்சவத்தை இன்றும் தோளில் சுமப்பவர்கள், தமிழ் வேர் கொண்டவர்கள். குசினியில் தமிழர், தோட்டத்தில் தமிழ் வேருள்ள திகளர். பழம் அடைத்த அந்தப் பறவை எந்த ஊர்க்காரர்களின் உழைப்பில் மேஜைக்கு வந்தது என்பதைச் சொல்ல இதற்குமேல் சான்று வேண்டாம்.

இன்று இந்த வீடுகளில் நடக்கும் முறை இப்படி. முந்தின இரவே கோழியைக் கழுவித் துடைத்து, உப்பு, மிளகு, இஞ்சிபூண்டு, கொஞ்சம் வினிகர் தடவி வைத்துவிடுவார்கள். பூரணத்துக்கு ஒருநாள் பழைய ரொட்டி வேண்டும். புது ரொட்டி களியாகிவிடும். ஈரலையும் இரைப்பையையும் பொடியாக நறுக்கி வெங்காயத்தோடு நெய்யில் வதக்குவார்கள். ரொட்டித் தூள், புதினா, வேகவைத்த உருளைக்கிழங்கு அல்லது முட்டை, உலர்திராட்சை, எலுமிச்சைத் தோல் துருவல், வசதி இருந்தால் நறுக்கிய ஆப்பிள். வயிற்றை முக்கால் அளவுக்கு மேல் நிரப்பக் கூடாது. சூட்டில் பூரணம் உப்பும். நிறைய அடைத்தால் தையல் பிரிந்துவிடும். கால்கள் இரண்டையும் நூலால் சேர்த்துக் கட்டி, பாத்திரத்தில் நெய் காய்ந்ததும் நாலு பக்கமும் திருப்பித் திருப்பிச் சிவக்க விடவேண்டும். அவசரப்படுகிறவர்கள் கெடுப்பது இந்தக் கட்டத்தில்தான். நிறம் இங்கே ஏறாவிட்டால் பிறகு எப்போதும் ஏறாது. அதன்பின் முழு மிளகு, பட்டை, கிராம்பு, இரண்டு மூன்று காய்ந்த மிளகாய், ஒரு டம்ளர் தண்ணீர், மூடி. மிளகாய் காரத்துக்கு இல்லை, வாசனைக்கு. கடைசி அரை மணியில் தோலுரித்த உருளைக்கிழங்குகளைச் சாற்றில் போட்டால் அவையும் சிவந்துவிடும்.

காய்ந்த மிளகாயும் கிராம்பும் பட்டையும் இங்கிலாந்தின் ரோஸ்டில் இந்தக் கணக்கில் சேர்வதில்லை. தமிழ்க் குசினிக்காரர் தன் நாக்கைக் கேட்டுச் சேர்த்தது, துரைக்கும் பிடித்துப்போய், ஆங்கிலோ இந்தியக் குடும்பங்களில் அதுவே மரபாயிற்று.

அந்த மரபை அப்படியே வைத்திருந்த ஊர், பெங்களூருக்குக் கிழக்கே சுமார் நூறு கிலோமீட்டரில் உள்ள கோலார் தங்கவயல். 1880இல் ஜான் டெய்லர் கம்பெனி அங்கே சுரங்க வேலையைத் தொடங்க, வட ஆர்க்காட்டுப் பக்கத்திலிருந்து தமிழ்த் தொழிலாளர்கள் குவிந்தார்கள். ஆங்கிலேய, ஆங்கிலோ இந்திய அதிகாரிகளின் பங்களாக்கள் எழுந்தன. சிவசமுத்திரம் நீர்மின்சாரம் 1902இலேயே தங்கவயலை எட்டியது. 'குட்டி இங்கிலாந்து' என்று பெயர் வாங்கிய அந்த ஊரின் கிறிஸ்துமஸ் விருந்துகளை, அங்கே பிறந்து பெங்களூரில் வாழும் பிரிட்ஜெட் வைட் குமார் தன் சமையல் நூல்களில் விடாமல் பதிவுசெய்து வருகிறார். பாட் ரோஸ்ட், முட்டைக்கோஸும் உருளைக்கிழங்கும் வினிகரும் சேர்ந்த வாத்து பஃபாத், பண்டிகைப் பூரணங்கள் என்று வாய்வழியாக இருந்தவை எழுத்தில் ஏறியது அவரைப் போன்றவர்களின் முயற்சியால்தான். தங்கச் சுரங்கங்கள் 2001இல் மூடப்பட்டு ஊர் கலைந்தபின் இந்தப் பதிவுகளின் மதிப்பு இன்னும் கூடிவிட்டது.

வான்கோழியைச் சொல்லாமல் விட முடியாது. மெக்சிகோப் பறவையான அது போர்த்துகீசியர் வழியாகக் கோவா வந்தது. 1612இல் ஜஹாங்கீரின் அவைக்கு அவருடைய அதிகாரி முகர்ரப் கான் அதைக் கொண்டுவர, பேரரசர் வியந்து போய் அதன் தோற்றத்தைத் தன் குறிப்பில் எழுதினார். ஓவியர் மன்சூர் தீட்டிய வான்கோழி ஓவியம் இன்றும் இருக்கிறது. பெங்களூரில் கிறிஸ்துமஸ் வான்கோழி என்றால் சிவாஜிநகர் ரசல் மார்க்கெட். 1927இல் கட்டி, நகராட்சி ஆணையர் டி.பி. ரசலின் பெயரை வைத்து, 1933இல் திறந்த சந்தை. ரிச்மண்ட் டவுன் பக்கத்தாருக்கு ஜான்சன் மார்க்கெட். ஆனால் வான்கோழி என்றுமே பெரிய வீட்டுப் பறவை. ஓவன் வேண்டும், இருபது பேர் கொண்ட குடும்பம் வேண்டும், பணம் வேண்டும். தண்டின் ஓரங்களில், ஒற்றை அறையில், மண்ணெண்ணெய் அடுப்பில் பண்டிகை கொண்டாடியவர்களுக்குக் கோழிதான் கட்டுப்படியானது.

1947க்குப் பிறகு ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் பல இங்கிலாந்துக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் கப்பலேறின. 1949இல் கண்டோன்மென்டும் பேட்டையும் ஒரே மாநகராட்சியாயின. பங்களாக் குசினிகள் ஒவ்வொன்றாக மூடின. அங்கே வேலை பார்த்தவர்கள் கிளப், ஓட்டல், ராணுவ மெஸ், பேக்கரி என்று சிதறினார்கள். அவர்களின் கைப்பழக்கம் அவரவர் வீட்டுக்கும் வந்தது. அதுவரை எஜமானர் மேஜைக்கு மட்டும் செய்த பதார்த்தத்தைக் குசினிக்காரர் தன் பிள்ளைகளுக்குச் செய்யத் தொடங்கியதை இந்த வரலாற்றின் மிகப் பெரிய திருப்பமாகச் சொல்லவேண்டும். கல்கலும் அச்சு முறுக்கும் செய்த தமிழ்க் கிறிஸ்தவ வீடுகளில், மட்டன் பிரியாணிக்குப் பக்கத்தில், பூரணம் அடைத்த ரோஸ்டும் இடம்பிடித்தது. கேக் மாவைத் தகரத்தில் ஊற்றிப் பேக்கரிக்குக் கொண்டுபோய்ச் சுட்டு வாங்கிய வீடுகளில் கோழி மட்டும் கடைசிவரை பாத்திரத்திலேயே வெந்தது.

ஈஜிபுராவின் வளர்ச்சி இந்தக் காலத்தைச் சேர்ந்தது. 1970களின் தொடக்கத்தில் விவேக்நகரில் குழந்தை இயேசு திருத்தலம் உருவாகி, வியாழக்கிழமை நவநாள் கூட்டம் பெருகியது. 1997 தேசிய விளையாட்டுப் போட்டிக்காகப் பக்கத்துக் கோரமங்களா ஏரி நிலத்தில் அடுக்குமாடிக் கிராமம் எழுந்தது. உள்ளானும் சிறு வாத்தும் இறங்கிய நீர்ப்பரப்புகள் இப்படி ஒவ்வொன்றாகக் கட்டடங்களும் மைதானங்களும் ஆயின. சூளே ஏரி கால்பந்து அரங்கமாயிற்று, சல்லகட்டா ஏரி கோல்ஃப் மைதானமாயிற்று. ஈஜிபுராவில் ஏழைகளுக்கென அரசு கட்டிய, 1,500க்கும் மேற்பட்ட வீடுகள் கொண்ட குடியிருப்பின் ஒரு பகுதி 2007இல் இடிந்து விழுந்தது. அந்த இடத்தில் தகரக் கொட்டகை போட்டுத் தங்கியிருந்தவர்களை 2013 ஜனவரியில், கிறிஸ்துமஸ் முடிந்து ஒரு மாதம்கூட ஆகாத குளிரில், மாநகராட்சி புல்டோசர் வைத்து அகற்றியது. தமிழும் கன்னடமும் உருதும் பேசிய அந்தக் குடும்பங்கள் நகரின் வெளிவட்டத்துக்குத் தள்ளப்பட்டன. ஓர் ஊரின் சமையல் மரபு அங்கே குடியிருப்பவர்களோடு சேர்ந்தது. அவர்களை அப்புறப்படுத்தினால் அதுவும் அப்புறப்படும்.

வேட்டைப் பறவைக்கு வேறொரு முடிவு வந்தது. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் காட்டுக் காடையையும் கௌதாரியையும் தன் கட்டுப்பாட்டுக்குள் கொண்டுவந்தது. 1991 திருத்தம் வேட்டையாடும் உரிமத்தையே ஒழித்தது. நல்ல காரியம். ஏரிகளை இழந்த பறவைகளுக்குத் துப்பாக்கியாவது இல்லாமல் போனது. அதே காலத்தில் ஜப்பானியக் காடை பண்ணைப் பறவையாக நாட்டுக்குள் வந்தது. 1974இல் உத்தரப் பிரதேசத்தின் இஸத்நகரில் தொடங்கிய வளர்ப்பு ஆய்வு, தமிழ்நாட்டில் கால்நடை மருத்துவப் பல்கலைக்கழகத்தின் 'நாமக்கல் காடை' வரை வளர்ந்தது. ஐந்து வாரத்தில் விற்பனைக்குத் தயாராகும், 200 கிராமுக்குள் அடங்கும் இந்தப் பறவை, நூற்றைம்பது வருடங்களுக்கு முன் துரைகள் சுட்டுக் கொண்டுவந்தவற்றைப் போலவே சிறியது. பெங்களூர்க் கோழிக்கடைகளில் இன்று உரித்த காடை கிடைக்கிறது. ஆனால் மிளகாய்த்தூள் தடவி எண்ணெயில் பொரிப்பதைத் தவிர வேறு எதற்கும் அதை எடுப்பவர் அரிது. இரண்டு திராட்சையும் ஒரு துண்டு புளிப்பு ஆப்பிளும் வயிற்றில் வைத்து, நெய்யில் சிவக்கவிட்டு, மூடிபோட்டு இருபத்தைந்து நிமிடம் வேகவைத்தால் தண்டுக் குசினியின் பழைய ருசி இன்றைய கேஸ் அடுப்பிலேயே திரும்பக் கிடைக்கும்.

ஆங்கிலோ இந்தியரின் சமையல் நூலேறிவிட்டது. கென்னி ஹெர்பர்ட்டின் நூல் இன்றும் மறுபதிப்பு காண்கிறது. ராமசாமிகளின் பக்கத்தை மட்டும் யாரும் எழுதவில்லை. ஈஜிபுராவிலோ ஆஸ்டின் டவுனிலோ மர்பி டவுனிலோ அல்சூரிலோ, பங்களாவிலும் கிளப்பிலும் மெஸ்ஸிலும் சமைத்த தாத்தாவோ அப்பாவோ இருந்த வீடு உங்களுடையது என்றால், இந்த டிசம்பரில் மூத்தவர்களை உட்காரவைத்துக் கேளுங்கள். எந்த வீட்டில் வேலை, என்ன சம்பளம், பூரணத்தில் என்ன போட்டார்கள், யார் கற்றுக்கொடுத்தார்கள் என்று அவர்கள் சொல்வதை அவர்கள் பெயரோடும் தெருவோடும் தமிழில் எழுதி வையுங்கள்.